கதிரின் பாலோடு சோளப் பிரட்டல்: முழுமையான வழிகாட்டி

சோளத்தை உதிர்த்து முடித்ததும் நடுத்தக்கையைக் குப்பையில் போடுகிறவர்களைப் பார்த்தால் தடுக்க என் கை தானாக நீளும். அந்தத் தக்கையில் இன்னும் சோளம் இருக்கிறது. மணிகளின் அடிப்பாகமும், அவற்றின் முளைக்கருவும், கெட்டியான பாலும் அங்கேயே ஒட்டிக்கொண்டிருக்கின்றன. கத்தியின் முதுகால் அதைச் சுரண்டி எடுத்து, நன்றாக வறுபட்ட மணிகளின்மேல் கடைசி மூன்று நிமிடத்தில் ஊற்றிக் கிளறினால்தான் அது சோளப் பிரட்டல். அந்தப் பால் சேராவிட்டால் தட்டில் இருப்பது வெறும் தாளித்த சோளம்.

இது எங்கள் அப்பாயி வழியாக வந்த முறை. ஜோகூரில் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர் அவர். லயம் என்னும் தொழிலாளர் வரிசை வீட்டின் பின்னால் மரவள்ளியும் சோளமும் போட்டிருந்தார்களாம். பிள்ளைகள் அதிகம், கதிர்கள் குறைவு. ஆறு கதிரைப் பத்துப் பேர் சோற்றோடு தொட்டுக்கொள்ள வேண்டும். தக்கையைக் கரண்டியால் வழித்தெடுக்கும் பழக்கம் அந்தக் கணக்கிலிருந்து வந்தது. திருமணமாகிச் சிங்கப்பூருக்கு வந்து, தோ பாயோ வட்டாரத்தில் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் குடியேறிய பிறகு கதிருக்குப் பஞ்சம் இல்லை. ஆனாலும் வழிப்பதை அவர் விடவில்லை. ருசி எங்கே இருக்கிறது என்று அதற்குள் அவருக்குத் தெரிந்துவிட்டது.

பல ஆண்டுகள் கழித்து, அமெரிக்காவின் தென் மாநிலங்களில் குடும்பச் சாப்பாட்டு மேசைக்கு வரும் வறுத்த சோளத்தைப் பற்றிப் படித்தபோது வியந்துபோனேன். பெயரில் வறுவல் இருந்தாலும் அவர்கள் எண்ணெயில் முக்கிப் பொரிப்பதில்லை. மணிகளைச் சீவி, தக்கையைச் சுரண்டிப் பால் எடுத்து, வார்ப்பிரும்பு வாணலியில் பன்றிக்கொழுப்பிலோ வெண்ணெயிலோ வதக்கி, பால் இறுகும்வரை கிளறுகிறார்கள். எங்கள் அப்பாயிக்கு அந்த ஊர் எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூடத் தெரியாது. ஆனாலும் இரண்டு சமையலறைகளும் ஒரே வழிக்கு வந்து சேர்ந்திருக்கின்றன. சோளத்தின் இயல்பே அந்த வழியைக் காட்டுகிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

தமிழ்நாட்டிலிருந்து புதிதாக வந்திருக்கும் வாசகர்களுக்கு ஒரு சொல். ஊரில் சோளம் என்றால் சிறுதானியம் நினைவுக்கு வரும். இங்கே நாங்கள் சோளம் என்று சொல்வது மக்காச்சோளத்தை, மலாய்க்காரர் ஜாகோங் என்பார்களே, அதை.

தேவையானவை (சோற்றோடு நான்கைந்து பேருக்கு)

இனிப்புச் சோளக் கதிர் 6, உதிர்த்தால் ஏறத்தாழ 650 முதல் 700 கிராம் வரும்
எண்ணெய் 2 மேசைக்கரண்டி, நெய் 1 மேசைக்கரண்டி
சின்ன வெங்காயம் 12, பூண்டு 4 பல்
கடுகு அரைத் தேக்கரண்டி, சோம்பு 1 தேக்கரண்டி, உளுத்தம்பருப்பு 1 தேக்கரண்டி
காய்ந்த மிளகாய் 3, கறிவேப்பிலை 2 இணுக்கு
மஞ்சள்தூள் கால் தேக்கரண்டி, மிளகாய்த்தூள் முக்கால் தேக்கரண்டி
மிளகு 1 தேக்கரண்டி, ஒன்றிரண்டாக இடித்தது
உப்பு 1 தேக்கரண்டிக்குச் சற்றுக் குறைவாக
தேங்காய்ப்பூ (துருவிய தேங்காய்) 3 மேசைக்கரண்டி
கலமான்சி என்னும் குட்டி எலுமிச்சை 2

சர்க்கரை வேண்டாம். கதிரில் இருக்கும் இனிப்பே போதும், சில நேரம் அதுவே அதிகம்.

கதிரைத் தேர்ந்தெடுப்பது

நான் லிட்டில் இந்தியாவில் இருக்கும் தேக்கா சந்தையில்தான் வாங்குகிறேன். 1982இல் திறந்தபோது அந்தக் கட்டடத்தின் பலகையில் சூஜியாவ் நிலையம் என்று எழுதியிருந்தது. அப்போதும் நம்மவர் வாயில் அது தேக்காதான். 2000இல் பெயர்ப்பலகையும் தேக்காவாக மாறியது. அங்கே ஈரச்சந்தையில் காலையில் போனால் மேலுறையோடு குவித்து வைத்த கதிர்கள் கிடைக்கும். பேரங்காடிகளில் பெரும்பாலும் உறையை உரித்து, இரண்டு மூன்றாகத் தட்டில் வைத்து மெல்லிய நெகிழித்தாளால் சுற்றியிருப்பார்கள். முடிந்தவரை உறையோடு இருப்பதையே வாங்குங்கள். உறைதான் ஈரத்தைக் காக்கிறது.

உறை பச்சையாக, கதிரோடு இறுகப் படிந்திருக்க வேண்டும். நுனிக் குஞ்சம் பழுப்பு நிறமாக இருந்தாலும் தொட்டால் சற்றுப் பிசுபிசுக்க வேண்டும். பொடிப்பொடியாக உதிர்ந்தால் பழைய கதிர். அடிக்காம்பு வெட்டிய இடம் வெளிறி ஈரமாக இருந்தால் நல்லது. உறையின் மேலாகவே விரலால் கதிரின் நுனிவரை அழுத்திப் பாருங்கள், மணிகள் தடிப்பாகத் தட்டுப்படும். கடையிலேயே உறையைப் பிரித்துப் பார்க்க வேண்டாம். பிரித்துப் பார்த்துவிட்டு நாம் வைத்துவிட்டுப் போகும் கதிர் அடுத்தவருக்குக் காய்ந்து போகிறது.

உரித்த கதிர்தான் கிடைக்கிறது என்றால் மணிகளின் தலையைப் பாருங்கள். குழி விழுந்திருந்தால் ஈரம் போய்விட்டது என்று பொருள். அங்கங்கே பல் விழுந்ததுபோல் மணி இல்லாத இடம் இருந்தால் கவலை வேண்டாம், அது நோய் அல்ல. குஞ்சத்தின் ஒவ்வொரு நூலும் ஒரு மணிக்குப் போகும் குழாய். எந்த நூலில் மகரந்தம் விழவில்லையோ அந்த மணி உருவாவதில்லை, அவ்வளவே.

கடைசிச் சோதனை வீட்டில். ஒரு மணியை நகத்தால் குத்துங்கள். தெளிந்த நீர் வந்தால் இன்னும் முற்றவில்லை. பால் வந்தால் சரியான பருவம். மாவுபோல் பிதுங்கினால் முற்றிவிட்டது, அதை வேகவைத்துச் சாப்பிடுங்கள். குஞ்சம் வெளிவந்து ஏறக்குறைய 20 நாளில் வரும் இந்தப் பால் பருவத்தில்தான் இனிப்புச் சோளத்தைப் பறிக்கிறார்கள்.

வகைகளைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் பிரட்டலின் தன்மை இதைப் பொறுத்தே அமைகிறது. இன்று கடைகளில் கிடைக்கும் மஞ்சள் கதிர்களில் பல மிகை இனிப்பு வகையைச் சேர்ந்தவை. இல்லினாய் பல்கலைக்கழகத்தில் ஜான் லாஃப்னன் என்ற தாவரவியலாளர் 1950களில் கவனப்படுத்திய ஒரு மரபணுவிலிருந்து வந்த குடும்பம் இது. காய்ந்தால் அதன் விதை சுருங்கிப்போகும். பசுமையில் அதில் சர்க்கரை மிக அதிகம், மாவுச்சத்து குறைவு. பழைய இனிப்புச் சோளத்தின் குழைவான தன்மைக்குக் காரணமான கரையும் மாவுப்பொருள் இதில் மிகக் குறைவு. கடித்தால் மொறுமொறுவென்று சாறு தெறிக்கும். ஆனால் சுரண்டினால் வரும் பால் நீர்த்திருக்கும், தானாக இறுகாது. அதற்குச் செய்ய வேண்டியதைப் பின்னால் சொல்கிறேன்.

கேமரன் மலையிலிருந்து வரும் வெள்ளை முத்துச்சோளம் கண்ணில் பட்டால் அதைப் பச்சையாகவே கடித்துச் சாப்பிடுங்கள், அடுப்பில் வைத்து வீணாக்க வேண்டாம். ஊதாவும் வெள்ளையும் கலந்த ஒட்டுச்சோளமும் இதற்கு ஆகாது. அதன் மாவுச்சத்து ஏறக்குறைய முழுவதும் பசைத்தன்மை கொண்டது. ஆவியில் வேகவைத்தால் அருமையாக இருக்கும், வாணலியில் போட்டால் பிசினாகிவிடும்.

வாங்கிய அன்றே

பறித்த பிறகும் கதிர் சும்மா இருப்பதில்லை. சர்க்கரை மாவாக மாறிக்கொண்டே இருக்கிறது. பழைய இனிப்பு வகைகளில் 30 டிகிரி வெப்பத்தில் ஒரே நாளில் 60 விழுக்காடு சர்க்கரைவரை மாறிவிடக்கூடும். 0 டிகிரியில் அது 6 விழுக்காடுதான். நம் ஊர்ப் பகல் வெப்பம் எப்போதும் 30ஐ ஒட்டியே இருக்கிறது. மிகை இனிப்பு வகை மெதுவாக மாறும் என்றாலும் காலையில் வாங்கியதைச் சமையல் மேடையில் மாலைவரை போட்டுவைக்காதீர்கள். உறையோடு ஒரு பையில் போட்டுக் குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். சமைக்கத் தொடங்கும்போது உரிக்கலாம்.

உரித்ததும் குஞ்ச நூல்களை ஈரத் துணியால் நுனியிலிருந்து அடிவரை ஒரே பக்கமாகத் தேய்த்தால் பெரும்பாலும் வந்துவிடும். வரிசைகளுக்கு நடுவே சிக்கியிருப்பதை மென்மையான பல்துலக்கியால் எடுக்கலாம். கழுவினால் உடனே துடைத்துவிடுங்கள். மணியின் மேல் ஈரம் இருந்தால் வறுபடாது.

சீவுவதும் சுரண்டுவதும்

இந்த இடத்தில்தான் பிரட்டலின் ருசி முடிவாகிறது. அவசரப்படாமல் பதினைந்து நிமிடம் ஒதுக்குங்கள்.

இரண்டு பாத்திரங்கள் வேண்டும், ஒன்று மணிகளுக்கு, ஒன்று பாலுக்கு. மணிகளுக்கு அகலமான தாம்பாளம் எடுத்து, அதன் நடுவில் ஒரு சின்னக் கிண்ணத்தைக் கவிழ்த்து, அதன்மேல் மடித்த ஈரத் துணி ஒன்றைப் போடுங்கள். கதிரின் அடியை அந்தத் துணிமேல் ஊன்றினால் வழுக்காது, சீவும் மணிகள் தரைக்குப் பறக்காமல் தாம்பாளத்திலேயே விழும். கதிர் நீளமாக இருந்தால் நடுவில் உடைத்துக்கொள்ளுங்கள்; தட்டையான பக்கம் அடியாக இருந்தால் கை நடுங்காது.

முதல் சீவல் ஆழமாகப் போகக் கூடாது. நம்மில் பலர் செய்யும் தவறு, கத்தியைத் தக்கையோடு ஒட்டி ஓட்டுவது. அப்படிச் செய்தால் தக்கையின் உமி போன்ற செதிள்களும் சேர்ந்து வந்து பல்லில் சிக்கும். மணியின் உயரத்தில் மூன்றில் இரண்டு பங்கு வரும்படி மேலிருந்து கீழாகச் சீவுங்கள். வெட்டுப்பட்ட பகுதியில் குட்டிக்குட்டிக் கிண்ணங்கள்போல் மணிகளின் அடி தெரியும். அந்தக் கிண்ணங்களில்தான் பால் இருக்கிறது.

ஆறு கதிரையும் சீவிய பிறகு பாலுக்கான பாத்திரத்தை எடுங்கள். கத்தியைத் திருப்பி, அதன் முதுகை வெட்டுப்பட்ட இடத்தில் அழுத்தி, கீழ்நோக்கி இழுங்கள். பாலும் கூழும் திரண்டு வரும். கதிரைச் சிறிது திருப்பி மறுபடி இழுங்கள். சுற்றிவர ஒரு முறை, பிறகு இன்னொரு முறை. அப்பாயி இதற்குத் தடித்த விளிம்புள்ள ஒரு பழைய எவர்சில்வர் கரண்டியை வைத்திருந்தார். கத்தியைவிட அது கைக்கு அடக்கமாக இருக்கும், சிறுபிள்ளைகளிடமும் தைரியமாகக் கொடுக்கலாம். எங்கள் வீட்டில் இந்த வேலை எப்போதும் பிள்ளைகளுக்குத்தான். இரண்டு முறை சுரண்டிய தக்கையைக் கையால் முறுக்கிப் பிழிந்தால் இன்னும் சில சொட்டு விழும்.

ஆறு கதிரிலிருந்து பாலும் கூழுமாக அரைக் கப் அளவு கிடைக்க வேண்டும். விரலால் எடுத்துப் பாருங்கள். கெட்டியாக விரலில் ஒட்டினால் அப்படியே வைத்துவிடலாம். தண்ணீராக ஓடினால் அது மிகை இனிப்பு வகை. சீவிய மணிகளில் ஒரு கைப்பிடியளவு எடுத்து, அம்மியிலோ மிக்சியிலோ கரகரப்பாக அரைத்து அந்தப் பாலில் கலந்து, அரைத் தேக்கரண்டி அரிசி மாவையும் கரைத்துவிடுங்கள். மாவு இதற்குமேல் வேண்டாம். அதிகமானால் சோளத்தின் மணம் மங்கி, பஜ்ஜி மாவின் வாடை எழும்.

சீவிய மணிகளைச் சுத்தமான துணியில் பத்து நிமிடம் பரப்பி வையுங்கள். முன்கூட்டியே வேகவைக்க வேண்டாம். பால் பருவத்து மணிக்கு வாணலிச் சூடே போதும். வேகவைத்தால் நீர் ஏறி, பிறகு எவ்வளவு வறுத்தாலும் நிறம் பிடிக்காது.

முதலில் வறுவல், பிறகு தாளிப்பு

நம் பொரியல்கள் எல்லாம் தாளிப்பில் தொடங்கும். எண்ணெய், கடுகு, பருப்பு, மிளகாய், அதன்மேல் காய். சோளத்துக்கு அந்த வரிசை பொருந்தாது என்பதைப் பல தடவை கெடுத்துப் பார்த்த பிறகுதான் ஒப்புக்கொண்டேன். மணிகள் நிறம் பிடிக்கப் பெருந்தீயில் ஆறேழு நிமிடம் வேண்டும். அதுவரை கடுகும் உளுந்தும் அந்தச் சூட்டில் கிடந்தால் கருகிக் கசக்கும். தீயைக் குறைத்தால் சோளம் வெந்துவிடும், வறுபடாது. ஆகவே எங்கள் வீட்டில் முதலில் சோளத்தைத் தனியே வறுத்து எடுத்துவிடுகிறோம், தாளிப்பு அதன் பிறகு.

கனமான இரும்புச் சட்டியோ, குவாலி என்னும் ஆழமான இரும்பு வாணலியோ எடுத்துக்கொள்ளுங்கள். ஒட்டாத பூச்சுள்ள சட்டி இந்தச் சூட்டுக்கு ஏற்றதல்ல. காலிச் சட்டியை இரண்டு மூன்று நிமிடம் நன்றாகக் காயவிடுங்கள். ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டால் உருண்டோடி மறைய வேண்டும். சன்னலைத் திறந்துவிடுங்கள், வீவக வீட்டுச் சமையலறையில் புகை சேர்ந்தால் நடைபாதைவரை போகும். பிறகு எண்ணெய் ஒரு மேசைக்கரண்டி, நெய் அரை மேசைக்கரண்டி. நெய் தீயைத் தாங்கும். வெண்ணெயில் இருக்கும் பால்திப்பி கருகிவிடும், அதனால் வெண்ணெய் பிடித்தவர்கள் கடைசியில் சேர்க்கலாம்.

மணிகளில் பாதியைப் போட்டு ஒரே அடுக்காகப் பரப்புங்கள். கரண்டியைக் கீழே வைத்துவிடுங்கள். இரண்டு நிமிடம் தொடவே கூடாது. இதுதான் பலருக்குக் கடினம், கை கிளறத் துடிக்கும். கிளறிக்கொண்டே இருந்தால் எந்த மணியும் சட்டியின் சூட்டை முழுதாக வாங்காது. இரண்டு நிமிடம் கழித்து அடியோடு புரட்டி மறுபடி பரப்புங்கள், மறுபடி காத்திருங்கள். மூன்று தடவை இப்படி.

முழுதாகக் கழன்று வந்த சில மணிகள் இந்த நேரத்தில் வெடித்துத் துள்ளும். உள்ளிருக்கும் நீர் ஆவியாகி, தோலைக் கிழித்துக்கொண்டு வெளியேறுகிறது. சூடான சாறு முகத்தில் தெறித்தால் கொப்புளம் போடும். சட்டியை முழுதாக மூடினால் ஆவி இறங்கி ஈரமாகிவிடும், ஆகவே மூடியைச் சாய்த்துப் பாதி மறைத்துக்கொள்ளுங்கள். பிள்ளைகளை இரண்டடி தள்ளி நிறுத்துங்கள்.

எப்போது போதும் என்பதைக் காதும் மூக்கும் சொல்லும். முதலில் ஈரமான சீறல் கேட்கும். நீர் வற்ற வற்ற அது படபடவென்ற காய்ந்த ஒலியாக மாறும். சுட்ட சோளத்தின் வாசனை, கடற்கரையில் கரிமேல் வாட்டுவார்களே அந்த வாசனை, எழும். மணிகளில் மூன்றில் ஒன்றுக்குப் பழுப்புத் திட்டு விழுந்திருக்கும். அப்போது எடுத்துவிடுங்கள். எல்லா மணியும் பழுப்பாகும்வரை காத்திருந்தால் மென்மை போய்விடும். மிகை இனிப்பு வகையில் சர்க்கரை அதிகம் என்பதால் பழுப்புக்கும் கருப்புக்கும் இடையே அரை நிமிடம்தான் இடைவெளி.

மீதி எண்ணெயில் ஒரு தேக்கரண்டியும் மீதி நெய்யும் விட்டு அடுத்த பாதியையும் இதேபோல் வறுத்து எடுங்கள். இரண்டு தடவையாகச் செய்வதில் சலிப்பு வேண்டாம். ஒரு தீபாவளிக்குப் பன்னிரண்டு கதிரை ஒரே சட்டியில் கொட்டிவிட்டேன். சட்டி குளிர்ந்து, சோளம் தன் நீரிலேயே வெந்து, அரை மணி நேரம் நின்றும் ஒரு மணிகூடச் சிவக்கவில்லை. வந்தவர்கள் நன்றாக இருப்பதாகத்தான் சொன்னார்கள். எனக்கு மனம் ஆறவில்லை.

ஒன்று சேர்ப்பது

அதே சட்டி, கழுவ வேண்டாம். அடியில் ஒட்டியிருக்கும் பழுப்புப் படலம் பின்னால் பாலோடு கரைந்து ருசியாகும். தீயை நடுத்தரமாகக் குறைத்து, மீதி எண்ணெய் முழுவதையும் ஊற்றி, கடுகு வெடித்ததும் உளுத்தம்பருப்பு, சோம்பு, கிள்ளிய காய்ந்த மிளகாய், கறிவேப்பிலை. நடைபாதைத் தொட்டியிலோ சமூகத் தோட்டத்திலோ பறித்த கறிவேப்பிலை இருந்தால் அதன் மணமே தனி. பொடியாக நறுக்கிய வெங்காயத்தையும் தட்டிய பூண்டையும் போட்டு ஓரம் பொன்னிறமாகும்வரை வதக்குங்கள். பெரிய வெங்காயம் போட்டால் இனிப்பு இன்னும் கூடிவிடும். சின்ன வெங்காயத்தின் காரம்தான் சோளத்துக்கு ஈடு கொடுக்கும்.

தீயை இன்னும் தணித்து மஞ்சள்தூள், மிளகாய்த்தூள். இருபது விநாடியில் பச்சை வாசனை போய்விடும். உடனே வறுத்த சோளம் முழுவதையும் சேர்த்து, உப்புப் போட்டுப் பிரட்டுங்கள். உப்பை இதற்குமுன் போடாததற்குக் காரணம் உண்டு. உப்பு மணிகளிலிருந்து நீரை இழுக்கும். வறுக்கும்போது போட்டிருந்தால் சட்டி ஈரமாகியிருக்கும்.

இப்போது பால். அடியில் மாவு தங்கியிருக்கும், ஒரு முறை கலக்கிவிட்டுச் சட்டியைச் சுற்றி ஊற்றுங்கள். கரண்டியால் அடியைச் சுரண்டிக்கொண்டே கிளறுங்கள். இந்த மூன்று நிமிடமும் சட்டியை விட்டு நகரக் கூடாது. சோளத்தின் மாவுச்சத்து 62 டிகிரியிலிருந்து 72 டிகிரிக்குள் நீரை உறிஞ்சி ஊதத் தொடங்குகிறது. கண்முன்னாலேயே நீர்த்த பால் பளபளப்பான குழைவாகி ஒவ்வொரு மணியையும் போர்த்திக்கொள்வதைப் பார்க்கலாம். கரண்டியை அடியில் இழுத்தால் பாதை விழுந்து, மெதுவாக மூடிக்கொள்ள வேண்டும். அதுதான் பதம். மிகவும் இறுகிவிட்டால் இரண்டு கரண்டி வெந்நீர் தெளியுங்கள்.

அடுப்பை அணைத்த பிறகு இடித்த மிளகும் தேங்காய்ப்பூவும். ஈரச்சந்தையில் அன்றன்று துருவிப் பையில் கட்டித் தரும் தேங்காய் இதற்கு மிகப் பொருத்தம். கலமான்சியைக் கடைசியாகப் பிழியுங்கள், அடுப்பில் இருக்கும்போது பிழிந்தால் மணம் ஆவியோடு போய்விடும். ஐந்து நிமிடம் அப்படியே விட்டுப் பரிமாறுங்கள்.

சரியாக வராவிட்டால்

பால் இறுகவே இல்லை என்றால் பெரும்பாலும் இரண்டு காரணம்: மிகை இனிப்பு வகைக்கு மாவு கரைக்காமல் விட்டது, அல்லது தீ போதாமல் பால் வெறுமனே சூடானது. அரிசி மாவை மேலே நேரடியாகத் தூவாதீர்கள், கட்டி கட்டியாகும். ஒரு கரண்டி சோளத்தை எடுத்து மசித்துத் திரும்பக் கலந்து இரண்டு நிமிடம் கொதிக்கவிடுங்கள். மணிகள் தோலாக மெல்லக் கடினமாக இருந்தால் கதிர் முற்றியது. கால் கப் தண்ணீர் விட்டு மூடி ஐந்து நிமிடம் வைத்தால் ஓரளவு மென்மையாகும், பழைய குழைவு வராது. இனிப்பு மிஞ்சினால் உப்பைக் கூட்ட வேண்டாம், இன்னொரு கலமான்சியும் கொஞ்சம் மிளகும் சரிசெய்துவிடும்.

கருகிய வாடை வந்தால் அதைப் பாலால் மறைக்க முடியாது. மேலாக இருக்கும் நல்ல மணிகளை வேறு சட்டிக்கு எடுத்துக்கொண்டு தாளிப்பிலிருந்து தொடங்குவதே வழி.

புதுக் கதிர் கிடைக்காத நாளில் உறைந்த சோளம் பரவாயில்லை. அதை ஏற்கெனவே சிறிது வேகவைத்துத்தான் உறையவைக்கிறார்கள். முழுதாக உருகவிட்டு, துணியில் நன்றாக ஒற்றி, மேலே சொன்னபடி வறுங்கள். கால்வாசியை அரைத்துப் பாலுக்குப் பதிலாக வைத்துக்கொள்ளுங்கள். தகர டப்பாச் சோளத்தை நான் இதற்குச் சொல்லமாட்டேன். அது நீரிலேயே ஊறி வெந்தது, வறுபடாது.

மாற்றிச் செய்வது

அசைவ வீடுகளில் ஒரு மேசைக்கரண்டி காய்ந்த இறாலைப் பதினைந்து நிமிடம் ஊறவைத்து இடித்து, வெங்காயம் வதங்கும்போது சேர்த்தால் பிரட்டலின் முகமே மாறும். எங்கள் வீட்டில் நெத்திலியைத் தனியே மொறுமொறுப்பாகப் பொரித்து, பரிமாறும்போது மேலே தூவுகிறோம். தேங்காய்ப்பாலில் வெந்த சோறான நாசி லெமாக்கோடு வைத்துச் சாப்பிட இது நன்றாகப் பொருந்தும். புரட்டாசியில் இறாலும் இல்லை, நெத்திலியும் இல்லை. விரத நாளில் வெங்காயம் பூண்டையும் விட்டுவிட்டு, தாளிப்பில் இரண்டு சிட்டிகை பெருங்காயமும் ஒரு துண்டு இஞ்சியும் சேர்க்கிறோம். அப்படிச் செய்ததில்தான் கதிரின் பால் மணம் மிகத் தெளிவாகத் தெரிகிறது என்பது என் எண்ணம். சிறுபிள்ளைகளுக்கு மிளகாய்த்தூளை நிறுத்திவிட்டு நெய்யைக் கொஞ்சம் கூட்டுங்கள்.

சூடான சோறும் ரசமும் இதற்கு நல்ல துணை. சாம்பார் சோற்றோடு இரண்டும் இனிப்புப் பக்கம் சாய்ந்துவிடும். மறுநாள் தோசைக்குள் வைத்துச் சுருட்டலாம்.

மிஞ்சியதை இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்பதனப் பெட்டியில் வைத்துவிடுங்கள், இரண்டு நாள் நன்றாக இருக்கும். தேங்காய் சேர்ந்திருப்பதால் அதற்குமேல் வேண்டாம். சுடவைக்கும்போது சட்டியில் ஒரு கரண்டி தண்ணீர் தெளித்துக் கிளறினால் குழைவு திரும்பும்.

சுரண்டி முடித்த ஆறு தக்கைகளும் இன்னும் மேடையில் இருக்கும். இரண்டாக உடைத்து, ஒன்றரை லிட்டர் தண்ணீரில் போட்டு, நான்கு மிளகும் ஒரு துண்டு இஞ்சியும் சேர்த்து அரை மணி நேரம் சிறுதீயில் கொதிக்கவிடுங்கள். வடிகட்டினால் வெளிர்மஞ்சள் நிறத்தில் இனிப்பு வாசனையோடு ஒரு சாறு கிடைக்கும். அன்றைய ரசத்துக்குப் பருப்புத் தண்ணீருக்குப் பதிலாக அதை ஊற்றுங்கள். புளியைச் சற்றுக் கூட்டிக்கொள்ள வேண்டும்.